திருடன் பழுது பார்த்த தாழ்ப்பாள்

6

"இந்தத் தாழ்ப்பாளைக் கடைசியா தொட்டது யாரு?"

பட்டறையின் பின்ஜன்னலுக்கு முன்னால் மண்டியிட்டிருந்த ஹெல்வா, தலையைத் திருப்பாமலே கேட்டாள்.

"காத்துதான், மேஸ்திரியம்மா," என்றான் டோபிக். "அக்காவும் நானும் இந்த ஜன்னலைத் திறக்கிறதே கிடையாது. திறந்தா கால்வாய் நாத்தம் உள்ள வந்து வாடகை குடுக்காம குடியிருக்கும்."

ஹெல்வா சிரிக்கவில்லை. சொன்னவனுக்கே சிரிப்பு வரவில்லை. பழக்கதோஷத்தில் வாய் ஓடிக்கொண்டிருந்ததே தவிர, காலையிலிருந்து அவன் தொண்டைக்குள் பச்சைத் தண்ணீர்கூட இறங்கவில்லை.

அந்திமணி அடித்ததும் அவன் அக்கா இர்சாவின் கைகளை மூடப்போகிறார்கள். எண்ணெயில் ஊறிய தோலுறைகளுக்குள் இரண்டு கைகளையும் விட்டு, மணிக்கட்டில் தைத்து, தையலின் மேல் ஈயம் உருக்கி முத்திரை வைப்பார்கள். சாகும்வரை அவிழாது. கைமூடியவர்களோடு பட்டறை முத்திரை பெற்ற எவரும் பேசக்கூடாது, உண்ணக்கூடாது. ஸ்கார்ன் நகரம் முதற்கையின் ஊர். உலகத்தைச் செய்யத் தொடங்கி, முடிக்காமல் பாதியில் வைத்து, மிச்சத்தை நீங்கள் செய்யுங்கள் என்று மனிதர்களிடம் விட்டுப்போன கடவுள் அவர். அவர் ஊரில் எதையும் செய்யாதவன் மனிதக் கணக்கில் வரமாட்டான்.

டோபிக்கும் அப்படிப்பட்டவன்தான். ஊரிலுள்ள எல்லாப் பட்டறைகளும் அவனைச் சேர்த்துப் பார்த்து, தலையில் அடித்துக்கொண்டு, வாசலில் கொண்டுவந்து விட்டாயிற்று. முத்திரை கிடைக்காத வளர்ந்த ஆண்பிள்ளை இந்த ஊரில் அவன் ஒருவனாகத்தான் இருக்கும். கடைசியில் துப்பறியும் ஹெல்வாவுக்குப் பை தூக்க வந்து சேர்ந்தான். சோறு போட்டு வளர்த்ததெல்லாம் மரவேலைக்காரியான அக்காதான்.

அந்த அக்காவுக்குத்தான் இந்த வருஷ விழாக் கெண்டியைச் செய்யும் பாக்கியம் கிடைத்தது. பேரிக்காய் மரத்தில் கடைந்தாள். காணிக்கைப் பொருளைத் தொடக்கம் முதல் கடைசிவரை ஒருவரே செய்யவேண்டும், இன்னொருவர் தொட்டால் அது இரண்டாம் கை. அதற்கு மேல் பாவமில்லை, அதற்குத் தண்டனை கைமூடல். நேற்று பெரும்பட்டறைக் கோயிலில் ஊர் பார்க்கக் கெண்டியில் தண்ணீர் ஊற்றினார்கள். கெண்டியின் வயிற்றிலிருந்து ஒரு சின்ன மரமுளை நழுவி விழுந்தது. கூடவே தண்ணீரும் ஒழுகியது.

நான் அடித்த முளைதான் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் கதை முடிந்திருக்கும். நாலு பேர் கேலி பேசியிருப்பார்கள், அவ்வளவுதான். இர்சா என்ன செய்தாள்? முளையைக் கையில் எடுத்து, இப்படியும் அப்படியும் திருப்பிப் பார்த்து, "இவ்வளவு கேவலமா நான் முளை அடிப்பேனா?" என்று கோயில் அதிரக் கத்தினாள். அவள் கழுத்துக்கு வேண்டிய கயிற்றை அவளே திரித்துக் கொடுத்த மாதிரி ஆயிற்று.

"டோபிக், இங்க வா. இந்தத் தாழ்ப்பாள்ல ஆடற முளையைப் பாரு."

குனிந்து பார்த்தான். கருத்துப்போன பழைய மரத்தாழ்ப்பாள். "என்ன இருக்கு? கறுப்பா இருக்கு."

"விரலால தேய்ச்சுப் பாரு."

தேய்த்தான். விரலில் கரி ஒட்டிக்கொண்டது. அடியில் வெள்ளை வெளேரென்று புது மரம்.

"யாரோ வெளியிலிருந்து நெம்பியிருக்காங்க. பழைய முளை உடைஞ்சிருக்கு," என்றாள் ஹெல்வா. "உள்ள வந்து கெண்டியில கையை வச்சுட்டு, போறப்போ புது முளை செதுக்கி மாட்டி, மத்ததோட சேர்ந்து தெரியணும்னு அடுப்புக்கரியும் பூசிட்டுப் போயிருக்காங்க. முந்தாநாள் ஊரே ஆத்தங்கரைக்கு ஊர்வலம் போன நேரமா இருக்கும்."

"ஏன் மேஸ்திரியம்மா, திருட வந்தவன் எங்கயாவது ரிப்பேர் பண்ணுவானா?"

"நம்ம ஊர்த் திருடன் பண்ணுவான். உடைஞ்சதை உடைஞ்சபடி விட்டுட்டு வந்தா உன்னால தூங்க முடியுமா?"

"தாராளமா முடியும். அதனாலதான் எல்லாப் பட்டறையிலயும் என்னை வெளிய தள்ளுனாங்க."

"கோயில் காவலர்கள் உடைஞ்சது ஏதாவது இருக்கான்னு தேடினாங்க. ஒண்ணும் இல்ல, அதனால யாரும் உள்ள வரலன்னு முடிவு பண்ணிட்டாங்க." ஹெல்வா முழங்கால் சடசடக்க எழுந்தாள். ஐம்பதைத் தாண்டிய உடம்பு. "புதுசா சரியானது என்னன்னுல்ல தேடியிருக்கணும்!"

முளையை உருவி வெளிச்சத்தில் பிடித்தாள். இரண்டாம் கை யாருடையது என்று காட்டிவிட்டால் தண்டனை அந்தக் கைக்கு உரியவனுக்கு, இர்சாவுக்கு விடுதலை. காட்டுவதென்றால் வாயால் இல்லை. பட்டறைப் பெரியவர்களான மூத்தகைகளின் மன்றத்தில் சத்தியமும் சாட்சியும் செல்லாது. பிடிபட்டவன் அதே வேலையை எல்லோர் முன்னாலும் இன்னொரு தடவை செய்ய வேண்டும். வேலையைப் பார்த்துக் கையைக் கண்டுபிடிப்பார்கள்.

"இந்த வெட்டெல்லாம் ஒரு தினுசா இருக்கு. கெண்டியிலிருந்து விழுந்த முளையிலயும் இதே வெட்டுதான்," என்றாள் ஹெல்வா. "நாம மரத்தை அசையாம பிடிச்சுக்கிட்டு கத்தியை ஓட்டுவோம். இதுல கத்தி ஒரே இடத்துல நின்னிருக்கு, மரம்தான் ஓடியிருக்கு. ஒவ்வொரு வெட்டும் கடைசியில ஒரே பக்கமா வளையுது பாரு. கழுத்தைத் திருப்பினா எப்படி வளையும், அந்த மாதிரி."

"கழுத்துக்கும் முளைக்கும் என்ன சம்பந்தம்?"

அவள் முளையின் மறுமுனையைக் காட்டினாள். மேலே ஒரு வரிசை, கீழே ஒரு வரிசை, சின்னச் சின்னப் பள்ளங்கள்.

"எலி," என்றான் டோபிக்.

"எலி கடிச்சுட்டுப் போகும். கரி பூசிட்டுப் போகுமா?"

"அப்ப மனுஷப் பல்லா? கை இருக்கிறவன் எதுக்குப் பல்லால கடிச்சுப் பிடிச்சு…"

பாதியில் நின்றுவிட்டான். கை இல்லாதவன் என்று இந்த ஊரில் ஒரே ஓர் ஆள்தான் உயிரோடு இருந்தார்.

"ஊல்ஃபர்," என்றான்.

* * *

டோபிக் சின்னப் பையனாக இருந்த காலத்தில் கை மூடப்பட்டவர் ஊல்ஃபர். அதற்குமுன் ஊரிலேயே பெரிய மரவேலைக்காரர். இப்போது தோல்காரர்களின் பாலத்துக்கு அடியில் ஒரு குடிசை. இரக்கப்பட்டவர்கள் பாலத்துச் சுவரில் கருப்பு ரொட்டியை வைத்துவிட்டு, திரும்பிப் பார்க்காமல் போவார்கள்.

"அந்தாளை என்ன பண்றேன் பாருங்க," என்று வழியெல்லாம் பல்லைக் கடித்தான் டோபிக். "தன் கை போச்சுன்னா ஊர்ல எவளுக்கும் கை இருக்கக்கூடாதா? பொறாமை!"

"முதல்ல கேட்போம். அப்புறம் என்ன வேணா பண்ணு."

"நீங்க எப்படிக் கேப்பீங்க? உங்களுக்குத்தான் முத்திரை இருக்கே. அவர்கூடப் பேசக்கூடாதே."

"நான் உன்கிட்ட பேசறேன். நீ அவர்கிட்ட பேசு."

இருவரும் குடிசைக்குள் நுழைந்தார்கள். கால்வாயில் ஊர் தூக்கியெறிந்த சாமான்களெல்லாம் அங்கே வரிசையாக இருந்தன. கால் உடைந்த முக்காலிக்குப் புதுக்கால். விரிந்த வாளிக்குப் புது வளையம். கைப்பிடி போன அகப்பைக்குக் கைப்பிடி. எல்லாவற்றிலும் அந்தப் பல் தடம். நடுவில் ஒல்லியான கிழவர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். மடியில் கிடந்த இரண்டு தோல்மூட்டைகளும் அவர் கைகள் என்று சட்டென்று தெரியவில்லை.

ஹெல்வா சுவரைப் பார்த்துத் திரும்பி நின்றுகொண்டாள். "டோபிக், இர்சா பட்டறைத் தாழ்ப்பாளைச் சரி பண்ணது இவர்தானான்னு யாராவது கேட்டா நல்லாயிருக்கும்," என்றாள் சுவரிடம்.

"நீங்கதான் பண்ணீங்களா?"

"ஆமா." வருஷக்கணக்காகப் புழங்காத குரல், கரகரவென்று வந்தது. "நல்லா விழுதா?"

"எது?"

"தாழ்ப்பாள். சிக்காம விழுதான்னு கேட்டேன். கரி பூசறதுக்கு முன்னாடி இன்னும் ஒரு இழை சீவியிருக்கணும்."

டோபிக் கட்டிக்கொண்டு வந்த கோபத்துக்கு என்ன ஆயிற்று என்று அவனுக்கே தெரியவில்லை. "கெண்டியில ஏன் கை வச்சீங்க?" என்றான். கை என்று சொன்னதும் நாக்கைக் கடித்துக்கொண்டான்.

"முன்ஜன்னல் வழியா பார்த்தேன், காய வச்சிருந்தா. எவ்வளவு அழகு! இந்த ஊர்ல அப்படி ஒரு கெண்டி வந்து எவ்வளவு நாளாச்சு. ஆனா வயித்துல ஒரு செத்த கணு. மெழுகுக்குள்ள மறைஞ்சிருந்துச்சு, அவளுக்குத் தெரியல. தண்ணி பட்டா கணு ஊறி அந்த இடம் அப்படியே வெடிச்சிரும்."

"அதை அவகிட்ட சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே!"

"சொல்லணும்னுதான் ஜன்னல்கிட்ட நின்னேன். என்னைப் பார்த்ததும் கண்ணைத் தாழ்த்திக்கிட்டா. நல்ல பொண்ணு. சட்டப்படிதான் நடந்துக்கிட்டா." "ஊர்வலம் அன்னிக்கு உள்ள போனேன். கணுவைத் தோண்டிட்டு முளை வச்சேன். தங்கும்னு நினைச்சேன். தங்கலையா?"

"தங்கல."

"கை இருந்தப்போ நான் வச்ச முளை ஒண்ணுகூட நழுவினது கிடையாது," என்றார் ஊல்ஃபர். சொல்லிவிட்டுத் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டார்.

ஆளைக் கண்டுபிடித்தால் அவன் சட்டையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போகலாம் என்று நினைத்திருந்தான் டோபிக். இந்த ஆளின் சட்டையை யாரால் பிடிக்க முடியும்? இர்சாவுக்கு என்ன நடக்கப்போகிறது என்று மட்டும் சொன்னான். கிழவர் எழுந்து நின்றார்.

"வரேன். பண்ணிக் காட்டறேன். வா."

"டோபிக்," என்றது சுவர்ப் பக்கத்திலிருந்து ஹெல்வாவின் குரல். "இதுல ஒரு சிக்கல் இருக்கு. கைமூடினவங்க வேலை செஞ்சா அதைக் கண்ணால பார்க்கக்கூடாது. மன்றம் மொத்தமும் முகத்தைத் திருப்பிக்கும். யாரும் பார்க்காதது நடக்காததுதான்."

"அப்ப இவரை எதுக்கு இழுத்துட்டுப் போகணும்?"

"முத்திரை உள்ள ஒரே ஒருத்தர் பார்த்துட்டு, 'கண்டேன்'னு சொன்னாப் போதும். மன்றம் ஏத்துக்கிட்டுத்தான் ஆகணும்."

"உங்ககிட்ட முத்திரை இருக்கு."

ஹெல்வா தன் கழுத்தில் தொங்கிய சின்ன இரும்புச் சுத்தியலைத் தொட்டுப் பார்த்தாள். கொல்லுப் பட்டறையில் வாங்கிய முத்திரை. "பார்த்தா இது போயிரும். அப்புறம் நானும் உன் ஜாதிதான்."

"பார்ப்பீங்களா, மாட்டீங்களா?"

"பார்க்கறேன்டா," என்றாள். குரலில் கொஞ்சமும் தயக்கமில்லை. டோபிக்குக்கு அந்த நிமிஷம் அவள் காலில் விழவேண்டும் போலிருந்தது. விழுந்தால் உதைப்பாள் என்று விட்டுவிட்டான்.

* * *

பெரும்பட்டறையின் நடுவில் இர்சா சட்டைக்கையை முழங்கைக்கு மேலே மடித்துவிட்டு நின்றாள். பக்கத்தில் எண்ணெய்த் தொட்டியில் தோலுறைகள் ஊறிக்கொண்டிருந்தன. ஈயச் சட்டியின் அடியில் நெருப்பு. அக்கா பயந்த மாதிரி தெரியவில்லை. கடுப்பாக இருக்கிற மாதிரிதான் தெரிந்தது.

"கண்டுபிடிச்சுட்டியாடா?" என்றாள் தம்பியைப் பார்த்ததும்.

"கண்டுபிடிச்சாச்சு. உன் முளையைக் கேவலமா அடிச்சவரைக் கூட்டிட்டு வந்திருக்கேன்."

அவன் பின்னால் வந்த கிழவரைப் பார்த்ததும் இர்சாவின் முகம் மாறிப்போயிற்று. ஜன்னலில் அவர் எதற்காக வந்து நின்றார் என்பது அப்போதுதான் அவளுக்கு விளங்கியிருக்க வேண்டும்.

மன்றத் தலைவர் மூத்தகை ப்ராண்டெக் தச்சர். கெட்டவரல்ல. டோபிக்கைத் தச்சுப் பட்டறையிலிருந்து அனுப்பும்போதுகூடக் கையில் ஒரு ரொட்டி கொடுத்தனுப்பியவர். விஷயத்தைக் கேட்டதும் அவர் நெருப்பைப் பார்த்தார்.

"செய்யட்டும்," என்றார். பிறகு மன்றத்தைப் பார்த்து உரக்கச் சொன்னார்: "மூடிய கை வேலை செய்கிறது. முகம் திருப்புங்கள்."

மூத்தகைகள் எல்லோரும் சுவர்ப் பக்கம் திரும்பினார்கள். வாசலில் கூடியிருந்த ஜனங்களும் திரும்பினார்கள். துணி உரசும் சத்தம் அடங்கியபின் கூடத்தில் ஒருவருக்கும் முகமில்லை.

ஊல்ஃபர் தரையில் உட்கார்ந்து கத்தியை முழங்கால்களுக்கு நடுவே இடுக்கிக்கொண்டார். டோபிக் ஒரு குச்சியை அவர் வாயில் கொடுத்தான். கிழவர் குனிந்தார். கழுத்து இந்தப் பக்கம் வரும், அந்தப் பக்கம் போகும். சீவல் சுருண்டு சுருண்டு மடியில் விழும். எச்சிலும் ரத்தமும் தாடையில் ஒழுகின. துடைத்துக்கொள்ள அவருக்கு வழியில்லை. எந்தப் பட்டறையிலும் உளி பிடிக்க வராத டோபிக்குக்குக்கூடத் தெரிந்தது, இது சாதாரண ஆளின் வேலை அல்ல. கண்ணெடுக்காமல் பார்த்தான். இர்சாவும் பார்த்துக்கொண்டிருந்தாள், குற்றவாளியின் கண்ணுக்குக் கணக்கில்லை. அவள் கன்னத்தில் தண்ணீர் வழிந்தது.

கொண்டுவந்திருந்த தாழ்ப்பாளில் ஊல்ஃபர் முளையைப் பொருத்தி, நெற்றியால் தள்ளினார். டக்கென்று விழுந்தது. அதே வளைவு, அதே பல் தடம். பட்டறை ஜன்னலில் உருவிய முளையைப் பக்கத்தில் வைத்தால் இரண்டும் இரட்டைப் பிள்ளைகள்.

ஜெயித்தாயிற்று! டோபிக் துள்ளிக்கொண்டு ஹெல்வாவைத் திரும்பிப் பார்த்தான்.

ஹெல்வாவின் முதுகுதான் தெரிந்தது.

சுவரைப் பார்த்து நின்றிருந்தாள். கழுத்து நரம்பு புடைத்து, தலை ஒரு விரற்கடை திரும்புவதும் பழையபடி சுவருக்கே போவதுமாக இருந்தது.

"மேஸ்திரியம்மா," என்று கிசுகிசுத்தான். "இன்னும் நேரமிருக்கு. அவர் வாயில இன்னும் மரத்தூள் இருக்கு. திரும்புங்க. ஒரு தடவை பாருங்க போதும்."

"திரும்பணும்னுதான்டா பார்க்கறேன்," என்றாள் அவள் சுவரிடம். "முடியல. அவர் சொன்னதும் தன்னால திரும்பிருச்சு. இப்ப… முடியலடா."

"வேலையைக் கண்டவர் யார்?" என்று ப்ராண்டெக் சுவரைப் பார்த்தபடியே கேட்டார்.

யாரும் பேசவில்லை. ஹெல்வா பொய்யாவது சொல்வாள் என்று டோபிக் ஒரு கணம் எதிர்பார்த்தான். பார்க்காத வேலையைப் பார்த்தேன் என்று இந்த ஊரில் யாராலும் சொல்ல முடியாது. வாய் வராது.

"நான் கண்டேன்!" என்று கத்தினான். "முழுசா கண்டேன்! குச்சியை வாயில குடுத்ததே நான்தான்!"

"எந்தப் பட்டறை?"

டோபிக்கிடம் சொல்ல ஒரு பட்டறையும் இல்லை.

"தம்பி," என்றார் ப்ராண்டெக். "எங்களுக்கு வேற வழி இல்லப்பா." உதவியாளிடம் சைகை காட்டினார். அந்த ஆள் கண்ணை மூடிக்கொண்டு தரையைத் தடவி, ஊல்ஃபரின் முளையைத் தாழ்ப்பாளிலிருந்து உருவி ஈயச் சட்டியின் நெருப்பில் போட்டான். அது போனபிறகுதான் எல்லோரும் திரும்பினார்கள். ஊல்ஃபரை யாரும் எதுவும் சொல்லவில்லை. தண்டிப்பதற்கு அவர்தான் ஒன்றும் செய்யவில்லையே.

மணி அடித்தது.

டோபிக் ஓடிப்போய் உறைகளை எடுத்து எறிந்தான். இரண்டு பேர் அவனை அலட்டிக்கொள்ளாமல் தூக்கி ஓரமாக வைத்தார்கள். உறைகளைத் துடைத்து மறுபடி கொண்டுவந்தார்கள். அவன் திட்டினான், கெஞ்சினான், என் கையை வேண்டுமானால் மூடுங்கள், எப்படியும் சும்மாதான் இருக்கிறது என்றான். யாரோ ஒரு பெண் வாசலில் விசும்பினாள். தைக்கிற கிழவர் கைதேர்ந்தவர். தையல் நேராக, நெருக்கமாக ஓடியது. இர்சா அதையே குனிந்து பார்த்துக்கொண்டிருந்தாள், அது நல்ல தையலா என்று.

ஈயம் ஆறியதும் கூட்டம் கலையத் தொடங்கியது. ஹெல்வா இர்சாவின் பக்கம் ஓரடி வைத்தாள். அடுத்த அடி வைக்கவில்லை. கழுத்திலிருந்த சுத்தியலைக் கைக்குள் இறுக்கிக்கொண்டு, வெளியே போனாள். டோபிக் அவளைக் கூப்பிடவில்லை. அவள் பை மட்டும் அவன் தோளிலேயே இருந்தது.

கூடத்தில் மூன்று பேர் மிஞ்சினார்கள். ஊல்ஃபர் எழுந்து மெல்ல நடந்து வந்து இர்சாவின் எதிரில் நின்றார். இப்போது அவர் அவளோடு பேசலாம்; சட்டம் குறுக்கே வராது.

"முதல்ல கட்டைவிரல்தான்மா துடிக்கும்," என்றார். "ராத்திரியெல்லாம் உளியைத் தேடும். அப்புறம் சரியாயிரும்."

இர்சா தலையாட்டினாள். தம்பியிடம் திரும்பினாள். அவனை எப்போதும் திட்டுகிற அதே குரலில் பேச முயன்றாள்.

"டோபி, எதாவது சொல்லேன்டா. எப்பவும் உளறிக்கிட்டே இருப்பியே."

டோபிக் தோளிலிருந்த பையைக் கீழே இறக்கி வைத்தான்.

"சரி, விடு," என்றாள். தோல்மூட்டையை முகத்தருகே கொண்டுபோய், எண்ணெய் வாடையில் முகம் சுளித்துக் கீழே இறக்கினாள். "மூக்கு அரிக்குதுடா."

டோபிக் விரலை நீட்டினான். "எங்க?"

"இன்னும் கொஞ்சம் மேல," என்றாள் இர்சா.